ஓர் உள்ளங்கை அகலம்

இடது கண்ணை இறுக்கி மூடிக்கொண்டு, ஜல்லிக் கற்களின் மேல் முழங்காலை ஊன்றி, கன்னம் தண்டவாளத்தில் பட்டுவிடுமோ என்கிற அளவுக்குத் தலையைச் சாய்த்துப் பார்க்கிறாள் சுகிர்தம். ஊசியில் நூல் கோக்கிறவளின் பார்வை அது. வேலிக்கு அந்தப் பக்கம் மாடு மேய்க்கிறவர்கள் ஊருக்குப் புதிது என்றால், "யக்கா, கம்மலத் தொலச்சிட்டியளா?" என்று கேட்பார்கள். பழகினவர்கள் கேட்பதில்லை. அவள் தேடுவது கம்மலை இல்லை, வெளிச்சத்தை. அசைகிற தண்டவாளத்துக்கும் அசையாத தண்டவாளத்துக்கும் நடுவில் நூல் அளவுக்கு வெளிச்சம் தெரிகிறதா என்று பார்க்கிறாள். தெரிந்தால் ஆபத்து. தெரியாவிட்டால் எழுந்து, முழங்காலைத் தட்டிவிட்டு, "ஒட்டிருச்சு" என்பாள். யாரிடம் சொல்கிறாள் என்று கேட்கக் கூடாது. காக்கை உட்கார்ந்திருந்தால் காக்கையிடம். அதுவும் இல்லையென்றால் மேற்கே நிற்கும் மலையிடம்.

தென்காசியிலிருந்து திருநெல்வேலிக்குப் போகிற பாதையில் ஒரு சின்ன ஸ்டேஷன். அங்கே அவள் பாயிண்ட்ஸ்மேன். பெண்ணுக்கும் ஊரில் அதே பெயர்தான் வழங்குகிறது. ஸ்டேஷனின் பெயரைச் சொல்வதாக இல்லை. சொன்னால் சீசனுக்கு வருகிற கூட்டம் குற்றாலத்தை விட்டுவிட்டு இவளைப் பார்க்கக் கிளம்பிவிடும்.

ரயிலைப் பற்றி ஒரு விஷயத்தை அடித்துச் சொல்லலாம். அதில் போகிற நூறு பேரில் தொண்ணூறு பேருக்கு இது தெரியாது. ரயிலைத் திருப்ப டிரைவரால் ஆகாது. கிளப்புவார், நிறுத்துவார், ஊதுவார், அவ்வளவுதான். இடது பக்கம் போவதா வலது பக்கம் போவதா என்பது அவர் கையில் இல்லை. அதைத் தரையில் கிடக்கிற ஒரு ஜோடி இரும்பு முடிவு செய்கிறது. கத்தி மாதிரி நுனி சீவின அந்த இரும்புக்கு நாக்கு என்று பெயர். பக்கத்துக்கு ஒன்றாக இரண்டு நாக்கு, குறுக்கே கம்பியால் பிணைத்திருக்கும்; இதைத்தான் பாயிண்ட் என்பார்கள். ஒன்று தண்டவாளத்தோடு ஒட்டினால் மற்றது விலகும். ரயில் சக்கரத்துக்கு உள்பக்கம் ஒரு விளிம்பு உண்டு. ஒட்டின நாக்கு அந்த விளிம்பை மெல்ல ஒதுக்கிக்கொண்டே போகும். விலகின நாக்கு எதிர்ச் சக்கரத்தின் விளிம்புக்கு இடம் விட்டுக் கொடுக்கும். முன்சக்கரம் திரும்பினால் பின்னால் வருகிற அத்தனை பெட்டியும் திரும்பத்தான் வேண்டும். உள்ளே படுத்துத் தூங்குகிறவர்களுக்கு ஒரு சின்ன ஆட்டம் தெரியும், புரண்டு படுப்பார்கள்.

இவ்வளவு பெரிய காரியத்துக்கு அந்த நாக்கு எவ்வளவு நகர்கிறது? கட்டை விரலையும் சேர்த்து ஓர் உள்ளங்கை அகலம். அதற்கு மேல் இல்லை. இந்தப் பக்கம் ஓர் உள்ளங்கை நகர்ந்தால் வண்டி ஒன்றாம் லைனுக்குப் போகும், அந்தப் பக்கம் நகர்ந்தால் இரண்டாம் லைனுக்குப் போகும். மற்ற இடமெல்லாம் ஒற்றைத் தண்டவாளமாக ஓடுகிற பாதை, எதிரெதிரே வருகிற வண்டிகள் ஒன்றையொன்று தாண்டிப் போக வேண்டுமே என்று ஸ்டேஷனுக்குள் மட்டும் இப்படி இரண்டாகப் பிரிந்து, அந்தக் கடைசியில் மறுபடி ஒன்றாகச் சேர்ந்துகொள்ளும். இப்போது நாக்கை நகர்த்துவது மோட்டார். ஸ்டேஷனுக்குள் உட்கார்ந்து பொத்தானை அழுத்தினால் போதும். ஆனாலும் மோட்டாரின் சொல்லைச் சுகிர்தம் நம்புவதில்லை. டியூட்டிக்கு வந்ததும் கிழக்குக் கோடி வரை நடந்து, ஒரு கண்ணை மூடி, வெளிச்சத்தைத் தேடிப் பார்த்துவிட்டுத்தான் கையெழுத்துப் போடுவாள்.

இவ்வளவு கறாரான மனுஷி என்று நினைத்தால் ஏமாந்து போவீர்கள். தண்டவாளத்தை விட்டு இறங்கிவிட்டால் சுகிர்தம் வேறு ஆள்.

ஜவுளிக் கடையில் அவளுக்குச் சேலை எடுக்கத் தெரியாது. விரித்துப் போட்ட சேலைகளில் மேலே கிடப்பதைத் தொட்டு, "எதா இருந்தா என்ன, இதையே குடுங்க" என்பாள். இலஞ்சி முருகன் கோயில் பக்கம் ஒரு கல்யாண வீட்டுக்குப் போவதற்காகத் தென்காசி பஸ் ஸ்டாண்டில் நின்றவள், முதலில் வந்த பஸ்ஸில் ஏறி, ஜன்னல் ஓரம் உட்கார்ந்து, மலையைப் பார்த்துக்கொண்டே போய், வாசுதேவநல்லூரில் இறங்கியிருக்கிறாள். அங்கே ஒரு டீயைக் குடித்துவிட்டுத் திரும்பி வந்தாள். "கல்யாணம் எப்படி?" என்று கேட்டவர்களிடம், "வழியெல்லாம் நல்ல மழை" என்றாள். குழம்பில் இரண்டு தடவை உப்பு விழும், இல்லை, விழவே விழாது. ரேஷன் கடை வரிசையில் முன்னால் நிற்கிறவர் நகர்ந்து போன பிறகும் நின்ற இடத்திலேயே நிற்பாள். பின்னால் இருக்கிறவர்கள் தோளைத் தட்டுவார்கள்.

என்ன நினைப்பு அப்படி? பெரிதாக ஒன்றும் இல்லை. வண்டிகளோடு போவாள். பச்சைக் கொடியைப் பிடித்து நிற்கும்போது கடந்து போகிற ஜன்னல்களில் ஏதாவது ஒன்று அவளைப் பிடித்துக்கொள்ளும். ஒருத்தி புளியோதரைப் பொட்டலத்தை மடியில் பிரித்திருப்பாள். அந்தப் பொட்டலத்தோடு சுகிர்தமும் செங்கோட்டையைத் தாண்டி, மலைக்குகைக்குள் நுழைந்து, இருட்டில் விரலை நக்கி, அந்தப் பக்கம் கொல்லம் போகிற பாதையில் ரப்பர் மரங்களுக்கு நடுவே வெளியே வருவாள். உடம்பு மட்டும் இங்கே கொடியைச் சுருட்டிக்கொண்டிருக்கும்.

சாரல் மாதங்களில் இது அதிகமாகிவிடும். மழை பெய்கிற ஊர் உலகத்தில் ஆயிரம் உண்டு. மழை என்று சொல்லவும் முடியாமல், இல்லை என்று சொல்லவும் முடியாமல் ஆளை நனைக்கிற ஊர் நம்முடையது ஒன்றுதான், யாராவது மறுத்தால் ஆடி மாதம் வரச் சொல்லுங்கள். அந்த நாட்களில் மலை இருக்கிற இடத்தில் மலை இருக்காது. வெண்மை நடுவே ஒரு வெள்ளைக் கோடு மட்டும் தொங்கும், அதுதான் அருவி. கிழக்கே இருந்து வருகிற வண்டிக்கு உருவம் கிடையாது. முதலில் ஈரத் தண்டவாளத்தில் ஒரு மினுக்கம் ஓடி வரும். பிறகு மங்கலாக ஒரு விளக்கு. விளக்குக்குப் பின்னால் இரும்பு ஒன்று மெதுவாக உருவாகிக்கொண்டே வந்து, கடந்து, மறுபடி வெண்மையில் கரைந்து போகும். அப்படி ஒரு வேளையில் அவளிடம் மணி கேட்டால், "அது போற போக்குல போவுது" என்று பதில் வரும்.

அவளுடைய புருஷன் செல்லத்துரை தண்டவாளத்தைப் பராமரிக்கிற கேங்கில் வேலை பார்த்தவன், மஞ்சள்காமாலையில் போய்விட்டான். அந்த வகையில் கிடைத்த வேலைதான் இது. மகள் ஜெஸி கோயம்புத்தூரில் நர்ஸ். மற்றபடி சுகிர்தத்துக்கு ஒரு ஸ்டேஷன், ஒரு மாதா கோயில், பிளாட்பாரத்தில் பூவரச மரத்தடியில் ஒரு சிமெண்டு பெஞ்சு.

அந்தப் பெஞ்சின் மறு கோடியில் வந்து உட்காருகிறவர் பெஞ்சமின். வீரகேரளம்புதூர்க்காரர், குற்றாலத்தில் பழக்கடை, குடியிருப்பது ஸ்டேஷனுக்குப் பின்பக்கத் தெருவில். மனைவி இறந்து வருஷங்கள் ஆகிவிட்டன. சொந்தக் காலில் நின்று கடையைத் தூக்கி நிறுத்தின ஆள், அந்த மிடுக்கு நடையிலேயே தெரியும். சீசனில் மங்குஸ்தான், ரம்புட்டான், துரியன் என்று கூடை கூடையாகத் திருநெல்வேலிக்கு ரயிலில் அனுப்புவார். கூடையை ஏற்றிவிட வந்தவர் அதோடு போகாமல் பெஞ்சில் உட்கார ஆரம்பித்தது எப்போது என்று அவருக்கே தெரியாது. இரண்டு பேருக்கும் நடுவில் எப்போதும் ஒரு கூடை இருக்கும்.

"அந்தக் கம்பியில என்னதான் பாக்க?" என்று ஒரு நாள் கேட்டார்.

சுகிர்தம் கூடையிலிருந்து இரண்டு மூங்கில் சிம்பை உருவி, பெஞ்சின் மேல் வைத்துக் காட்டினாள். "இது நாக்கு. இங்கன ஒட்டுச்சுன்னா வண்டி அங்கன போவும். அங்கன ஒட்டுச்சுன்னா இங்கன வரும்." ஒரு மங்குஸ்தானை எடுத்து, "இதான் சக்கரம்" என்று உருட்டினாள். பழம் சிம்பை உரசிக்கொண்டே போய் அவர் தொடையில் முட்டி நின்றது.

"இதுக்கு எஞ்சின் வேண்டாமோ?" என்றார் பெஞ்சமின்.

"சும்மா இருங்க அண்ணாச்சி."

"எந்தப் பக்கமும் ஒட்டாம நடுவுல நின்னுட்டுன்னா?"

சுகிர்தம் சிரிப்பதை நிறுத்தினாள். "அது மட்டும் கூடாது. இங்கனயும் இல்ல அங்கனயும் இல்லன்னா சக்கரம் ரெண்டுக்கும் நடுவுல எறங்கிரும். தப்பான பக்கம் ஒட்டுனாகூட ஒரு வழி இருக்கு. ஒட்டாத நாக்குக்கு வழியே கெடையாது."

பெஞ்சமின் அந்தப் பழத்தைச் சாப்பிடவில்லை. சட்டைப் பையில் போட்டுக்கொண்டு போனார். வெள்ளைச் சட்டையில் மங்குஸ்தான் கறை போகவே போகாது என்று பழக்கடைக்காரருக்குத் தெரியாதா என்ன?

போன ஆடியில் அதே பெஞ்சில் அவர் விஷயத்தைச் சொன்னார். பாளையங்கோட்டையில் இருக்கிற அவருடைய அக்காள் ஓர் இடம் பார்த்திருக்கிறாள். நல்ல இடம், டீச்சர். ஞாயிற்றுக்கிழமை வந்து பார்க்கச் சொல்லியிருக்கிறாள்.

"நீ ஒரு வார்த்தை சொன்னா நான் போகல சுகிர்தம்."

சுகிர்தம் மலையைப் பார்த்தாள். மலை அன்றைக்கு இல்லை.

"போவணும்னா போ, போவாண்டாம்னா போவாண்டாம். ஏதாவது ஒண்ணு சொல்லேன். அண்ணாச்சி அண்ணாச்சின்னு கூப்பிட்டே என்னைக் கெழவனாக்கிருவ போல."

"நான் என்ன சொல்ல? எதா இருந்தா என்ன" என்றாள். சொன்னது அவள் வாய். அவளே அதைப் பக்கத்தில் நின்று கேட்டுக்கொண்டிருந்தாள்.

பெஞ்சமின் எழுந்து கூடையைத் தூக்கிக்கொண்டு போய்விட்டார். எப்படியோ விஷயம் காதுக்கு எட்டி, அன்று இரவு ஜெஸி போனில், "எம்மா, எனக்குச் சம்மதம்தான். ஒனக்கு? ஒனக்கு என்னம்மா வேணும்?" என்று மூன்று விதமாகக் கேட்டுப் பார்த்தாள். சுகிர்தம் அங்கே மழை உண்டா என்று விசாரித்தாள்.

ஞாயிற்றுக்கிழமை அவளுக்குப் பகல் டியூட்டி. காலை வண்டியில் பெஞ்சமின் ஏறிப் போவதைப் பார்த்தாள். சலவைச் சட்டை போட்டிருந்தார், கறை இல்லாத சட்டை. அந்த வண்டிக்குப் பச்சைக் கொடி காட்டினதும் அவள்தான்.

மத்தியானம் முழுக்கப் பிளாட்பாரத்தில் முறுக்கு விற்கிற மூக்கம்மாள் அவளை விடவில்லை. "ஏட்டி, ஒன் மங்குஸ்தான் இன்னைக்குப் பாளையங்கோட்டையில பழுக்குது போல?"

"நீ ஒன் யாவாரத்தப் பாருக்கா."

"சாயங்காலம் வரும்போது கையப் பாரு. அல்வா டப்பா இருந்துச்சுன்னா காரியம் முடிஞ்சுதுன்னு அர்த்தம். வெறுங்கையோட வந்தான்னா ஒனக்கு இன்னும் நேரம் இருக்கு, கோட்டிக்காரி."

"திருநெல்வேலிக்குப் போறவன் எல்லாந்தான் அல்வா வாங்குவான்."

"ஆமா, நீ இப்படியே சொல்லிக்கிட்டுக் கெட."

சாயங்கால வண்டி எப்போதும் ஒன்றாம் லைனில் வரும். பெஞ்சு இருக்கிற பிளாட்பாரம் அதை ஒட்டித்தான். இறங்குகிறவர் பூவரசைத் தாண்டாமல் வெளியே போக முடியாது. அதை நினைத்துத்தான் சுகிர்தம் பகலை ஓட்டினாள். எதுவும் கேட்க வேண்டாம், எதுவும் சொல்ல வேண்டாம், அவர் நடந்து வருவார், முகத்தைப் பார்த்தால் தெரிந்துவிடும்.

வண்டி வருகிற நேரத்துக்குக் கொஞ்சம் முன்னால் கிழக்குக் கோடியில் மோட்டார் மக்கர் செய்தது. சாரல் ஈரம் உள்ளே இறங்கியதோ என்னவோ, ஒரு முனகல் முனகிவிட்டு நின்றுபோயிற்று. நாக்கு பாதியில் நிற்கிறது. சரி செய்கிற ஆள் பக்கத்து ஸ்டேஷனில் வேறு வேலையாக இருந்தார். சாயங்கால வண்டி ஸ்டேஷனுக்கு வெளியே சிவப்பு விளக்கின் முன்னால் வந்து நின்று, ஒரு தரம் ஊதியது.

அன்றைக்கு டியூட்டியில் இருந்த ஸ்டேஷன் மாஸ்டர் விஜயசங்கர், நிதானமான ஆள். மோட்டாரைக் கையால் சுற்றுகிற கிராங்கியையும், நாக்கை நகராமல் பிடிக்கிற கிளாம்பையும் பூட்டையும் எடுத்து அவள் கையில் கொடுத்தார். "சென்னை வண்டி எதிர்ல வந்துட்டிருக்கும்மா. அதை ஒண்ணுல எடுக்கேன். இதை ரெண்டாம் லைனுக்குத் திருப்பிப் பூட்டிருங்க. எந்த லைன்?"

அப்படித் திருப்பிக் கேட்பது வழக்கம். கேட்ட உத்தரவைத் தன் வாயால் சொல்லாமல் யாரும் பாயிண்டைத் தொடக் கூடாது.

"ரெண்டாம் லைன், சார்" என்றாள் சுகிர்தம்.

இரண்டாம் லைன் என்றால் அந்தப் பக்கத்துப் பிளாட்பாரம், அங்கிருந்து பெஞ்சுக்கு வர நடைபாலம் ஏறி இறங்க வேண்டும். அதில் இறங்கினால் பின்பக்க வேலியின் திறப்பு வழியாக நேரே தெருவுக்குப் போய்விடலாம். பெஞ்சமின் வீடு அந்தத் தெருவில்தான். பூவரச மரத்தை அவர் பார்க்க வேண்டியதே இல்லை.

அவள் நடந்தாள். மேகம் வயல் வரை இறங்கியிருந்தது. நிற்கிற வண்டியின் விளக்கு மட்டும் தூரத்தில் மஞ்சளாக, பாலில் விழுந்த குங்குமப்பூ மாதிரி ஊறிக்கொண்டிருந்தது. பாயிண்டின் பக்கத்தில் குத்துக்காலிட்டு உட்கார்ந்தாள். இரண்டு நாக்கும் எதிலும் ஒட்டாமல், வாயைத் திறந்து எதையோ சொல்ல வந்து மறந்தவை போல, நடுவில் நின்றன. "ஏட்டி, என்னட்டி ஒனக்கு" என்றாள் அவற்றிடம். மோட்டார் பெட்டியின் மூடியைத் திறந்து கிராங்கியைச் செருகினாள். அதைச் செருகினால் கரண்டு தானே அறுந்துவிடும், பிறகு தைரியமாகக் கை வைக்கலாம். சுற்றத் தொடங்கினாள்.

கை சுற்றியது. கனமான இரும்பு ஈரத்தில் முனகி முனகி நகர்ந்தது. அவள் அந்த நேரம் வண்டிக்குள் இருந்தாள். எந்தப் பெட்டி? பின்னால் இருந்து இரண்டாவது பெட்டியில்தான் அவர் ஏறுவார், கதவை ஒட்டி நிற்பார். சலவைச் சட்டையின் மடிப்பு கலைந்திருக்கும். கையில் என்ன இருக்கிறது? அந்தக் கையைத்தான் அவளால் பார்க்க முடியவில்லை. அங்கே யாரோ நிற்கிறார்கள், மறைக்கிறது. கொஞ்சம் தள்ளி நில்லுங்களேன் என்கிறாள். பிறகு அவர் பிளாட்பாரத்தில் இறங்கி, பூவரசு சிந்தின மஞ்சள் பூக்களை மிதிக்காமல் தாண்டித் தாண்டி வருகிறார்.

கிராங்கி இறுகி நின்றது. சுகிர்தம் குனிந்து இடது கண்ணை மூடிப் பார்த்தாள். வெளிச்சம் இல்லை. சுத்தமாக ஒட்டியிருந்தது. "ஒட்டிருச்சு" என்று சொல்லிவிட்டுப் பூட்டை எடுத்தாள்.

எடுத்த கை அப்படியே நின்றது.

ஒட்டியிருந்தது ஒன்றாம் லைனுக்கு.

இத்தனை வருஷத்தில் அந்தக் கை அவள் கேட்காமல் எதையும் செய்ததில்லை. வாய் சொன்னது இரண்டு. காது கேட்டது இரண்டு. கை மட்டும் வண்டியைப் பெஞ்சுக்குக் கொண்டுவந்து சேர்க்கத் திருப்பி வைத்திருக்கிறது. சுகிர்தம் அந்தக் கையை, யாருடையதோ என்பது போல, கொஞ்ச நேரம் பார்த்தாள். கிரீஸும் ஈரமும் பட்டு, பூட்டை இன்னும் பிடித்திருந்தது. அவளுக்குப் பயம்தான். ஆனால் பயம் மட்டும் என்று சொன்னால் பொய். தனக்கு ஒன்று வேண்டும் என்று அவளுக்குத் தெரிந்தது அந்த நிமிஷம்தான். அதை அவளிடம் சொன்னது இரும்பு.

தெரிந்து என்ன செய்ய? வண்டி காத்திருந்தது. உள்ளே இத்தனை பேர் இருந்தார்கள். எதிரே சென்னை வண்டி வந்துகொண்டிருந்தது. அவள் கிராங்கியை மறுபடி பிடித்து, எதிர்ப்பக்கமாகச் சுற்றினாள். நாக்கு ஒன்றாம் லைனை விட்டு விலகியது. ஓர் உள்ளங்கை அகலம் நகர்ந்து, அவளே பார்க்கப் பார்க்க, அவரை அந்தப் பக்கத்துத் தெருவுக்கு அனுப்புகிற பாதையில் ஒட்டியது. குனிந்து பார்த்தாள். கிளாம்பை மாட்டிப் பூட்டினாள். பூட்டை இழுத்துப் பார்த்தாள். வாக்கிடாக்கியை எடுத்தாள்.

"சார், மொதல்ல தப்பா ஒண்ணுக்குத் திருப்பிட்டேன். இப்ப மாத்திட்டேன். ரெண்டாம் லைன். ஒட்டிருச்சு, பூட்டிட்டேன்."

"நான் வந்து பாக்கேன். அதுவரைக்கும் கொடியைக் காட்டாதிய" என்றார் விஜயசங்கர். வந்தார், குனிந்து பார்த்தார், பூட்டை அவரும் இழுத்தார். அவள் முகத்தையும் பார்த்தார். "நல்லவேளை, நீங்களே சொன்னிய" என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனார்.

டிரைவருக்கு உத்தரவுச் சீட்டு போய்ச் சேர்ந்ததும் வண்டி நடக்கிற வேகத்தில் ஊர்ந்து வந்தது. சுகிர்தம் பச்சைக் கொடியை நீட்டிப் பிடித்து நின்றாள். சக்கரங்கள் ஒவ்வொன்றாக நாக்கைத் தொட்டு, தலையை ஆட்டி, இரண்டாம் லைனுக்கு ஒதுங்கிப் போயின. பின்னால் இருந்து இரண்டாவது பெட்டியின் கதவில் பெஞ்சமின் நின்றார். அவ்வளவு மெதுவாகப் போகிற வண்டி. கையை நீட்டினால் சட்டையைத் தொட்டுவிடலாம். அவர் அவளைப் பார்த்தார். அவள் அவர் கையைப் பார்த்தாள்.

அல்வா டப்பா.

கொடியை இறக்கக் கூடாது, கடைசிப் பெட்டி தாண்டும் வரை. அவள் இறக்கவில்லை.

ஒன்றாம் லைனில் வந்து நின்ற சென்னை வண்டி வெளியே போவதற்காக, உத்தரவு வாங்கி நாக்கை மறுபடி அந்த லைனுக்குத் திருப்பிப் பூட்டி, அதையும் அனுப்பிவிட்டுத்தான் கிராங்கியைத் தோளில் சாய்த்துக்கொண்டு அவள் திரும்பி நடந்தாள். சாயங்கால வண்டியும் போய்விட்டது. பிளாட்பாரத்து விளக்குகள் எரிய ஆரம்பித்து, ஒவ்வொன்றையும் சுற்றிச் சாரல் பூச்சி மாதிரி பறந்தது. எதிர்ப் பிளாட்பாரத்தில் ஒரு ஆள் இல்லை. வேலித் திறப்பு வெறுமையாக இருந்தது. மூக்கம்மாள் கூடையை எடுத்துத் தலையில் வைத்துக்கொண்டிருந்தாள். கண்ணால் பூவரச மரத்தைக் காட்டிவிட்டு நடையைக் கட்டினாள்.

பெஞ்சின் கோடியில் பெஞ்சமின் உட்கார்ந்திருந்தார். பாலம் ஏறி இறங்கி வந்ததில் சலவைச் சட்டை சாரலில் நனைந்திருந்தது. அல்வா டப்பா வழக்கமாகக் கூடை இருக்கிற இடத்தில் இருந்தது. சுகிர்தம் கிராங்கியை ஸ்டேஷனுக்குள் ஒப்படைத்து, கையைக் கழுவிவிட்டு வந்து, தன்னுடைய கோடியில் உட்காராமல், டப்பாவின் இந்தப் பக்கம், அதை ஒட்டி உட்கார்ந்தாள்.

"வண்டி ஏன் நின்னுச்சு?"

"மோட்டாரு மக்கர்."

"நான் என்னமோ நீதான் என்னை ஊருக்குள்ள விடாண்டாம்னு நிறுத்திட்டியோன்னு நெனச்சேன்."

சுகிர்தம் சிரிக்கவில்லை. "அங்கன என்னாச்சு?"

"எல்லாரும் சரின்னுட்டாங்க. அந்தம்மா சரின்னுட்டு. அவ அண்ணன் சரின்னுட்டான். அக்கா மொதல்லயே சரி. நான் மட்டும் காப்பியக் குடிச்சிட்டு, வீட்டுக்குப் போய்ச் சொல்லுதேன்னு வந்துட்டேன். அக்கா இப்பக் கூப்பிடுவா." அவர் தரையில் கிடந்த பூவைக் காலால் ஒதுக்கினார். "என்னத்தச் சொல்லட்டும்?"

அவள் தன் கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். நகக்கண்ணில் இன்னும் கிரீஸ் இருந்தது.

"இன்னைக்கு ஒரு தப்புப் பண்ணிட்டேன்" என்றாள். "ரெண்டாம் லைனுக்குத் திருப்பச் சொன்னாரு. நான் ஒண்ணுக்குத் திருப்பிட்டேன்."

"அய்யய்யோ. ஏன்?"

"ஒண்ணுல வந்தாத்தான நீங்க இங்கன எறங்குவிய."

பெஞ்சமின் அவளைத் திரும்பிப் பார்த்தார். அண்ணாச்சி என்ற சொல் வரும் என்று காத்திருந்தவர் போலக் கொஞ்சம் பொறுத்தார். வரவில்லை.

"பொறவு?"

"பொறவு மாத்திட்டேன். நான் ஒங்கள அந்தப் பக்கந்தான் அனுப்புனேன். நீங்கதான் பாலம் ஏறி வந்துட்டிய."

அவர் சட்டைப் பையில் போன் அடித்தது. எடுத்தார். அக்காள் பெயர் வெளிச்சமாகத் துடித்துக்கொண்டிருந்தது. பொத்தானை அழுத்தாமல் கையிலேயே வைத்துக்கொண்டு, வழி கேட்டு வெளியே நிற்கிற வண்டி மாதிரி அவளையே பார்த்தார்.

சுகிர்தம் அல்வா டப்பாவைத் தூக்கித் தன் மடியில் வைத்துக்கொண்டாள். பெஞ்சில் அது இருந்த இடம் ஈரம் படாமல் ஒரு சின்னக் கட்டமாகத் தெரிந்தது. ஓர் உள்ளங்கை அகலம் இருக்கும். அவள் அந்த இடத்துக்கு நகர்ந்து உட்கார்ந்தாள். போன் அடித்துக்கொண்டே இருந்தது. அவள் இடது கண்ணை இறுக்கி மூடிக்கொண்டு, தலையைச் சாய்த்து, இரண்டு பேருக்கும் நடுவில் குனிந்து பார்த்தாள்.